189 உயிர்களும் ஒரு மேல்முறையீடும்

2006 ஜூலை 11, செவ்வாய்க்கிழமை மாலை. ஆபீஸ் விட்டு வீடு திரும்பும் நேரம். மும்பை வெஸ்டர்ன் லைனில், சர்ச்கேட்டிலிருந்து புறப்பட்ட ஏழு ரயில்களின் ஃபர்ஸ்ட் கிளாஸ் பெட்டிகளில் பதினொரு நிமிடங்களுக்குள் அடுத்தடுத்துக் குண்டுகள் வெடித்தன. 189 பேர் இறந்தார்கள். காயம்பட்டவர்கள் 800 பேருக்கும் மேல். அவர்களில் ஒருவர் ஒன்பது ஆண்டுகள் படுத்த படுக்கையாகக் கிடந்து, 2015-இல் உயிர்விட்டார்.

மும்பைத் தமிழர்களுக்கு இது எங்கோ நடந்த சங்கதி அல்ல. குண்டு வெடித்த இடங்களில் இரண்டு, மாட்டுங்கா ரோடு – மாஹிம் பக்கம். தாராவிக்காரர்கள் பலர் அன்றாடம் ரயிலேறுவது மாஹிமில்தான். கிழக்கு மாட்டுங்காவில் குடியிருப்பவர்கள் ‘ஸெட் பிரிட்ஜ்’ ஏறி இறங்கி மாட்டுங்கா ரோடு ஸ்டேஷனைப் பிடிப்பார்கள். அன்று மாலை வீட்டு ஆள் வந்துசேரும் வரை உயிரைக் கையில் பிடித்துக்கொண்டிருந்த குடும்பங்கள் இங்கே ஏராளம்.

2015 செப்டம்பரில், மகாராஷ்டிரத்தின் மோக்கா சட்ட சிறப்பு நீதிமன்றம் ஐந்து பேருக்குத் தூக்கும் ஏழு பேருக்கு ஆயுளும் விதித்தது. பத்தாண்டு கழித்து, 2025 ஜூலை 21 அன்று, பம்பாய் உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் அனில் கிலோர், ஷ்யாம் சாண்டக் அமர்வு பன்னிரண்டு பேரையும் விடுவித்தது. அவர்களில் ஒருவர் 2021-லேயே சிறையில் கொரோனாவால் இறந்துபோயிருந்தார். அந்த ஆண்டுகளில் வழக்கு உயர் நீதிமன்றத்தில் தேங்கிக் கிடந்தது. தொடர் விசாரணை தொடங்கியதே 2024 ஜூலையில்தான்.

671 பக்கத் தீர்ப்பு சொல்லும் காரணங்களைப் பொறுமையாகப் படிக்க வேண்டும். குற்றவாளிகளை ஏற்றிச் சென்றதாகச் சொன்ன டாக்ஸி டிரைவர்கள் நூறு நாளுக்கு மேல் வாய் திறக்கவில்லை. அடையாள அணிவகுப்பு நடத்திய அதிகாரிக்கு அதை நடத்தும் அதிகாரமே இல்லை. கைப்பற்றிய வெடிமருந்து கடைசிவரை முத்திரை கலையாமல் பாதுகாக்கப்பட்டதற்கு நிரூபணம் இல்லை. ஒப்புதல் வாக்குமூலங்கள் ஒன்றைப் பார்த்து இன்னொன்றை எழுதியது போல இருந்தன. அடித்து வாங்கியவை என்ற சந்தேகத்துக்கு மருத்துவமனைப் பதிவுகள் வலுச்சேர்த்தன. என்ன வகைக் குண்டு வெடித்தது என்பதைக்கூட அரசுத் தரப்பு நிறுவவில்லை. குற்றவாளியைப் பிடித்துவிட்டதாகப் பொய்த்தோற்றம் காட்டினால் மக்களின் நம்பிக்கைதான் கெடும், உண்மையான ஆபத்து வெளியே உலவிக்கொண்டிருக்கும் என்றும் அந்தத் தீர்ப்பு எச்சரித்தது.

மகாராஷ்டிர அரசு உடனே உச்ச நீதிமன்றம் போனது. வெடிமருந்துப் பொட்டலத்தில் அரக்கு முத்திரை இல்லை என்ற தொழில்நுட்பக் காரணத்துக்காகச் சாட்சியத்தைத் தள்ளியது தவறு என்பது அதன் வாதங்களில் ஒன்று. ஜூலை 24 அன்று, ஈரோட்டுக்காரரான நீதிபதி எம்.எம்.சுந்தரேஷும் நீதிபதி கோடீஸ்வர் சிங்கும் அடங்கிய அமர்வு, இந்தத் தீர்ப்பை மற்ற வழக்குகளில் முன்னுதாரணமாகக் காட்டக் கூடாது என்று தடை விதித்தது. விடுதலையானவர்கள் சிறைக்குத் திரும்ப வேண்டியதில்லை. அரசின் சார்பில் வந்த சொலிசிட்டர் ஜெனரல் துஷார் மேத்தாவும் அதைக் கேட்கவில்லை. நிலுவையில் இருக்கும் மற்ற மோக்கா வழக்குகள் பாதிக்கப்படும் என்பதே அன்று அவர் முன்வைத்த கவலை.

எனக்கு உறுத்துவது இங்கேதான். மேல்முறையீடு வேண்டாம் என்று நான் சொல்ல மாட்டேன். கொலை வழக்கில் ஒருவர் விடுதலையானால் அதை மேல்நீதிமன்றம் இன்னொரு முறை பார்க்க வேண்டும் என்று கேட்பது, செத்தவரின் வீட்டாருக்கு உள்ள உரிமை. விசாரணை நீதிமன்றம் ஒருவரை விடுவித்தால், அரசின் தயவுக்குக் காத்திராமல் தாங்களே மேல்முறையீடு செய்ய 2009 டிசம்பர் 31 முதல் சட்டம் அவர்களுக்கு வழிவிட்டிருக்கிறது. உடுமலை சங்கர் கொலை வழக்கில், 2020 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் தன் தந்தையை விடுவித்தபோது சங்கரின் மனைவி கௌசல்யா உச்ச நீதிமன்றத்தை நாடினார். அந்தப் பெண்ணின் பிடிவாதத்தை யார் குறைசொல்ல முடியும்?

ஆனால், மேல்முறையீட்டுக்கு ஓர் எல்லை இருக்கிறது. அது பெரும்பாலும் பழைய ஆவணங்களையும் பழைய சாட்சிகளையும் மறுபடி எடைபோடும் வேலை. சாட்சியத்திலிருந்து இரண்டு முடிவுக்கு வர இடமிருந்தால், விடுதலையைக் கலைக்கக் கூடாது என்பது 2007-இல் சந்திரப்பா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக வகுத்த நெறி. குற்றம் நிரூபணமாகும் வரை நிரபராதி என்ற அனுமானம், விடுதலைக்குப் பிறகு இரட்டிப்பு வலுப்பெறுகிறது. அரக்கு முத்திரை பற்றிய வாதத்தில் அரசு வென்றாலும், நூறு நாள் மௌனமும் ஒரே வார்ப்பில் வந்த வாக்குமூலங்களும் அப்படியே நிற்கும்.

இறந்தவர்களின் குடும்பங்கள் கேட்பது முன்னுதாரணம் பற்றிய கேள்வியை அல்ல. அந்தக் குண்டுகளை வைத்தது யார் என்பதை. அதற்கு டெல்லியில் மனு போட்டால் மட்டும் போதாது. வழக்கின் கோப்பை, இதுவரை அதைத் தொடாத அதிகாரிகளிடம் கொடுத்து, முதல் தாளிலிருந்து புலனாய்வைத் தொடங்க வேண்டும். வாக்குமூலம் வாங்கியவர்கள் மீதும் விசாரணை வேண்டும். மேல்முறையீட்டுக்கு மூன்றே நாளில் நீதிமன்ற வாசலை எட்டிய அரசு, இந்த இரண்டையும் செய்வதாக அன்று நீதிபதிகளிடம் சொல்லியிருக்கலாம்.