மீனில்லா மீன் கட்லெட்

வெந்த மீன் ஏடு ஏடாகப் பிரிவதற்கு அதன் தசையின் கட்டமைப்பே காரணம். மீனின் தசைநார்கள் குட்டையானவை. அவை அடுக்கடுக்காக நிற்க, ஒவ்வோர் அடுக்குக்கும் இடையில் கொலாஜன் என்னும் புரதத்தாலான மெல்லிய சவ்வு இருக்கும். ஆட்டிறைச்சியில் உள்ள கொலாஜன் இளக வெகுநேரம் வேக வேண்டும். மீனின் கொலாஜனோ 50 முதல் 60 டிகிரி செல்சியஸுக்குள்ளேயே இளகிவிடுகிறது. சவ்வு கரைந்ததும் அடுக்குகள் தாமாகக் கழன்றுகொள்கின்றன. மீன் சேர்க்காமல் மீன் கட்லெட்டின் சுவையை எட்ட நினைப்பவர் முதலில் தேட வேண்டியது இந்த உதிரும் பதத்தைத்தான். மணத்தைப் பிறகு சேர்த்துக்கொள்ளலாம், பதத்தைப் பிறகு சேர்க்க முடியாது.

காய்களில் இந்தப் பதத்துக்கு மிக நெருங்கி வருவது பலாப்பிஞ்சு. அதன் சதை நீளவாட்டில் அமைந்த நார்களால் ஆனது. உயிரணுக்களை ஒன்றோடொன்று ஒட்டவைத்திருக்கும் பெக்டின் கொதிநீரில் கரையும், அணுச்சுவரின் செல்லுலோஸ் கரையாது. அதனால் வெந்த பிஞ்சைக் கையால் உதிர்த்தால் கூழாகாமல் இழை இழையாக வருகிறது. மீன் கட்லெட் மாலைச் சிற்றுண்டியாக ஊன்றிவிட்ட இலங்கையில், பலாப்பிஞ்சிலும் கட்லெட் செய்கிறார்கள். விதை முற்றாத பிஞ்சாக எடுக்க வேண்டும்; முற்ற முற்ற மாவுத்தன்மையும் இனிப்பும் ஏறிவிடும். கத்தியிலும் கையிலும் எண்ணெய் தடவிக்கொண்டால் பால் பிசுபிசுக்காது. அவிக்கும்போது புளியோ எலுமிச்சைச் சாறோ சேர்க்கக் கூடாது. அமிலம் பெக்டின் கரைவதைத் தடுப்பதால் பிஞ்சு எவ்வளவு நேரம் கொதித்தாலும் விறைப்பாகவே நிற்கும்.

அடுத்த தேர்வு வாழைப்பூ. லண்டனில் மீனும் உருளைக்கிழங்கு வறுவலும் விற்கும் கடைகள் சிலவற்றில், பதப்படுத்திய வாழைப்பூவை மாவில் தோய்த்துப் பொரித்து மீனுக்கு மாற்றாகத் தருகிறார்கள். தமிழ்நாட்டுச் சமையலறைக்கு இந்தப் பூவை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. கள்ளனை நீக்கி, நறுக்கிய கையோடு மோரில் போடும் வழக்கத்துக்குப் பின்னால் நல்ல வேதியியல் இருக்கிறது. வெட்டுப்பட்ட பூவைக் கறுக்கச் செய்யும் நொதியின் வேகத்தை மோரின் புளிப்பு குறைக்கிறது. பாலின் புரதம் துவர்ப்புப் பொருள்களைப் பற்றிக்கொள்கிறது. பால்பொருளையும் தவிர்ப்பவர்கள் எலுமிச்சைச் சாறு கலந்த நீரைப் பயன்படுத்தலாம். நிறம் காக்கப்படும், துவர்ப்பு சற்று மிஞ்சும்.

எந்தக் காயானாலும் வெந்தபின் வடிகட்டி, துணியில் கட்டி, நீர் சொட்டுவது நிற்கும்வரை பிழிய வேண்டும். கட்லெட் உடைவதற்கும் மொறுமொறுப்பு வராததற்கும் பெரும்பாலும் மிஞ்சிய ஈரமே காரணம். இந்த ஒரு வேலையில் அவசரம் காட்டினால் பிறகு எந்த மாவும் கைகொடுக்காது.

அரைத்த பச்சை மீனில் உப்புச் சேர்த்துப் பிசைந்தால் மயோசின் என்ற தசைப்புரதம் கரைந்து, சூட்டில் இறுகி, கலவையைத் தானே பிணைத்துவிடும். காய்க்கு அந்த வசதி கிடையாது. ஆகவே பிணைப்பை வெளியிலிருந்து கொண்டுவர வேண்டும். உருளைக்கிழங்கு அதற்கு முதல் துணை. அதன் மாவுச்சத்து 60 டிகிரிக்கு மேல் நீரை உறிஞ்சிப் பருத்துப் பசையாகிறது. ஆறும்போது மூலக்கூறுகள் மீண்டும் நெருங்கிக் கெட்டிப்படுகின்றன. கலவையைத் தட்டி அரைமணி முதல் ஒரு மணி நேரம் குளிர்பெட்டியில் வைக்கச் சொல்வது இதனால்தான். மிக்ஸியில் கிழங்கை அரைத்தால் அணுக்கள் உடைந்து மாவுச்சத்து வழிந்து ரப்பர் போலாகும், கையால் மசிப்பதே நல்லது. வறுத்த கடலை மாவின் புரதமும், பொடித்த ஆளிவிதையின் வழுவழுப்பும் முட்டையின் இடத்தை ஓரளவு நிரப்பும். தொழிற்சாலைகள் பயன்படுத்தும் மெத்தில் செல்லுலோஸ் சூட்டில் இறுகி ஆறினால் இளகும் விந்தைப் பொருள். வீட்டுக்கு அது அவசியமே இல்லை. பிழிந்த பலாப்பிஞ்சு 300 கிராம், மசித்த கிழங்கு 150 கிராம், ஒன்றிரண்டாக நசுக்கிய வெந்த கொண்டைக்கடலை 100 கிராம், கடலை மாவு 2 மேசைக்கரண்டி என்ற அளவில் ஏறத்தாழ 10 கட்லெட் வரும். சின்ன வெங்காயம், இஞ்சி, பச்சை மிளகாய், சோம்பு, மிளகு, கறிவேப்பிலை எல்லாம் வழக்கம்போல். வெங்காயத்தை வதக்கியே சேர்க்க வேண்டும், பச்சையாகச் சேர்த்தால் அது விடும் நீர் பிணைப்பைக் குலைக்கும்.

கடல் மணத்தின் கதை இன்னும் சுவையானது. மீன் வாடை என்று பலரும் நினைப்பது டிரைமெத்தில் அமீன் என்னும் சேர்மத்தின் வாடை. பிடித்த மீன் நாள்படும்போது நுண்ணுயிர்கள் அதை உண்டாக்குகின்றன. புத்தம்புது கடல் மீனில் அந்த வாடை அநேகமாக இராது. அதில் வீசும் இதமான கடல் மணத்துக்கு டைமெத்தில் சல்ஃபைடு, புரோமோஃபீனால் போன்ற சேர்மங்களே காரணம். இவை பெரும்பாலும் கடற்பாசிகளிலிருந்தும் கடலடிச் சிற்றுயிர்களிலிருந்தும் உணவுச் சங்கிலி வழியே மீனுக்கு வந்தவை. ஆற்று மீனில் கடல் மணம் இல்லாதது இதனால்தான். மணத்தின் ஊற்றுக்கண்ணே கடற்பாசி என்றால், மீனைத் தாண்டி நேராக அதனிடமே போய்விடலாம். ஜப்பானிய நோரித் தாள் ஒன்றை அனலில் வாட்டி நொறுக்கி மேற்சொன்ன கலவையில் சேர்த்தால் போதும், அதிகமானால் கசக்கும்.

சுவைக்கும் கடற்பாசி உதவுகிறது. 1908-இல் ஜப்பானிய வேதியியலாளர் கிகுனே இகேடா கொம்பு என்ற பாசியிலிருந்து குளூட்டமேட்டைப் பிரித்தெடுத்து, அந்தச் சுவைக்கு உமாமி என்று பெயரிட்டார். உலர்ந்த ஷிடாகே காளானில் உள்ள குவானிலேட் இதோடு சேர்ந்தால் சுவை பன்மடங்காகிறது. ஊறவைத்த காளான் இரண்டை நறுக்கிச் சேர்ப்பது அதற்காக. ராமநாதபுரம் கரையோரப் பெண்கள் மன்னார் வளைகுடாவில் மூழ்கி எடுக்கும் கஞ்சிப் பாசி அகர் தயாரிப்புக்குப் போகிறது. உணவாக உண்ணத்தக்க அந்தப் பாசி நம் சமையலறைகளுக்கு இத்தனை அந்நியமாக இருப்பது வருத்தத்துக்குரியது.

இனி மேலோடு. உள்ளே இருப்பதெல்லாம் ஏற்கெனவே வெந்தவை. எண்ணெய்க்கு உள்ள வேலை மேற்புறத்தை உலர்த்திச் சிவக்க வைப்பது மட்டுமே. ஈரம் இருக்கும்வரை மேற்பரப்பு 100 டிகிரியைச் சுற்றியே நிற்கும். நீர் ஆவியான பிறகே 140 டிகிரியைத் தாண்டி, சர்க்கரையும் அமினோ அமிலமும் வினைபுரிந்து பொன்னிறமும் வறுத்த மணமும் பிறக்கின்றன. உலர்ந்த மாவுச்சத்து கண்ணாடி நிலைக்குப் போய் நொறுங்கும் தன்மை பெறுகிறது. அரிசி மாவில் குளூட்டன் இல்லாததால் ஓடு சவ்வாக இழுபடாது. அதைக் கரைத்து, கட்லெட்டை அதில் தோய்த்து, உலர்ந்த ரொட்டியைக் கொரகொரப்பாகத் துருவிய தூளில் புரட்டினால் மேடுபள்ளம் கூடி மொறுமொறுப்பு மிகும். கட்லெட் 2 சென்டிமீட்டருக்கு மேல் தடிக்க வேண்டாம்.

எண்ணெய் 175 முதல் 180 டிகிரி இருக்க வேண்டும். வெப்பமானி இல்லாதவர்கள் ரொட்டித் தூளை ஒரு சிட்டிகை போட்டுப் பார்க்கலாம். உடனே பொரிந்தால் பதம். சூடு குறைந்தால் ஓடு இறுகத் தாமதமாகும், கட்லெட் எண்ணெய் குடிக்கும். பொரியும்போது வெளியேறும் நீராவி எண்ணெயை எதிர்த்து நிற்கிறது. எடுத்த பிறகு உள்ளிருக்கும் ஆவி குளிர்ந்து சுருங்கும்போதுதான் மேலே ஒட்டியிருக்கும் எண்ணெயில் பெரும்பகுதி உள்ளே இழுபடுகிறது. எனவே எடுத்தவுடன் நன்றாக வடித்து, கம்பித் தட்டில் இடைவெளி விட்டு வைக்க வேண்டும். ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் ஆவி சிக்கி ஓடு நமுத்துவிடும்.

சத்தில் இது மீனுக்கு ஈடாகாது. 100 கிராம் மீனில் ஏறக்குறைய 20 கிராம் புரதம் உண்டு, பலாப்பிஞ்சில் மிகச் சொற்பம். கொண்டைக்கடலை அந்தக் குறையை ஓரளவு தீர்க்கும்; டோஃபு சேர்த்தால் இன்னும் நல்லது. மீனின் ஒமேகா-3 கொழுப்பு நுண்பாசிகளில் உருவாவது என்றாலும், ஒரு நோரித் தாளில் கிடைப்பது அற்பம். கடற்பாசியில் அயோடின் உண்டு, கொம்புவில் மிக அதிகம். தைராய்டுக் கோளாறு உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்டுச் சேர்ப்பது நல்லது. இறால், நண்டு ஒவ்வாதவர்கள் பாசிப் பொட்டலத்தின் எச்சரிக்கையைப் படித்துவிட வேண்டும்.