புதிதாய்த் தோன்றிய பழைய விண்மீன்

வானம் மாறாதது என்பது மனிதரின் நெடுநாளைய எண்ணம். சந்திரன் தேய்வதும் வளர்வதும் உண்டு. கோள்கள் இடம் பெயர்வதும் உண்டு. ஆனால் விண்மீன்களோ பாட்டன் கண்ட இடத்திலேயே பேரனுக்கும் தோன்றுகின்றன. கமக்காரரும் கடலோடிகளும் அவற்றை நம்பியே காலத்தையும் திசையையும் அறிந்தனர். இத்தகைய வானத்திலே, நேற்று இல்லாத ஒரு விண்மீன் இன்று சுடர்விட்டு நிற்குமாயின் அறிஞரும் பாமரரும் ஒருங்கே வியப்படைவது இயல்பே. 1934ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் அவ்வாறு ஒரு விண்மீன் தோன்றியது. அது தோன்றிய காரணத்தின் முதற் குறிப்புக் கிடைப்பதற்கே இருபது ஆண்டுகள் சென்றன. அந்தக் காரணத்தினுள்ளே சூரியனின் வருங்காலம் பற்றிய ஒரு பெரிய வினாவுக்கும் விடை அடங்கியிருந்தது.

இங்கிலாந்தின் கிழக்குப் பகுதியிலே, சபோக் என்னும் மாவட்டத்தில், ஸ்ரோமாக்கற் என்ற சிறிய நகரம் உளது. அங்கு வாழ்ந்த ஜே. பி. எம். பிரென்ரிஸ் என்பவர் தொழிலால் ஒரு சட்டத்தரணி. வானியல் அவருக்குப் பிழைப்பன்று. விருப்பத்தினால் மேற்கொண்ட பணி. எனினும், பிரித்தானிய வானியற் சங்கத்தின் எரிமீன் பிரிவுக்கு அவரே தலைவராக விளங்கினார். ஆண்டுதோறும் டிசம்பர் நடுப்பகுதியில், மிதுன இராசியிலிருந்து சொரிவன போல எரிமீன்கள் தோன்றும். அவற்றைக் கணக்கெடுக்கும் பொருட்டு அவர் டிசம்பர் 12ஆம் திகதி இரவு கடுங்குளிரையும் பொருட்படுத்தாது விழித்திருந்தார்.

எரிமீன்களை அவதானிப்பவருக்குத் தொலைகாட்டி வேண்டியதில்லை. அவருக்கு வேண்டியது வானப் படம் மனத்திலே அழியாது பதிந்திருத்தல். ஒரு நொடியில் ஓடி மறையும் ஒளிக்கோடு எந்த விண்மீனின் அருகே தொடங்கியது, எதன் அருகே முடிந்தது என்று உடனே குறித்தாக வேண்டும். பல ஆண்டுகள் இவ்வாறு பழகியவருக்கு ஒவ்வொரு விண்மீனும் தம் ஊராரின் முகம் போன்றது. ஊராரிடையே ஓர் அந்நியன் வந்து நின்றால் அவனை இனங்காண நெடுநேரம் செல்வதில்லை.

13ஆம் திகதி விடிவதற்கு முன்னர், வடகீழ்த் திசையில் ஹேர்க்குலிஸ் மண்டலத்தை நோக்கிய பிரென்ரிஸ், அங்கே முன்னர் இல்லாத ஒரு விண்மீன் வெறுங்கண்ணுக்குத் தெளிவாகத் தெரிவதைக் கண்டார். காலந் தாழ்த்தாது கிறீனிச் வானாய்வு நிலையத்துக்குத் தொலைபேசி மூலம் அறிவித்தார். செய்தி உலகெங்கும் பரவியது. நாளுக்கு நாள் ஒளி மிகுந்த அவ்விண்மீன், டிசம்பர் 22ஆம் திகதி அளவில் வானத்தின் மிகப் பிரகாசமான விண்மீன்களின் வரிசைக்கு அருகே வந்து நின்றது.

இத்தகைய விண்மீனுக்கு 'நோவா' என்று பெயர். இலத்தீன் மொழியில் இது 'புதியது' எனப் பொருள்படும். ஆயினும் அப்பெயர் பொருத்தமானதன்று. வானாய்வு நிலையங்களில் சேமித்து வைக்கப்பட்டிருந்த பழைய ஒளிப்படத் தகடுகளை எடுத்துப் பார்த்தபோது, அதே இடத்தில் மிக மங்கலான ஒரு விண்மீன் முன்பே பதிவாகியிருந்தது. எவருடைய கவனத்தையும் கவராத அந்தப் பழைய விண்மீனே ஓரிலட்சம் மடங்குக்கும் மேலாக ஒளி பெருகிப் புதியது போலத் தோன்றியது. விண்மீன் முழுவதுமே வெடித்துச் சிதறும் 'சுப்பர்நோவா' என்பது வேறு. நோவா என்பது வேறு. நோவாவில் ஒளி அடங்கிய பின்னரும் விண்மீன் எஞ்சி நிற்கும்.

அடுத்துவந்த மாதங்களில் இந்த நோவா ஒரு விந்தை காட்டிற்று. மூன்று மாதங்களுக்கு மேல் ஏற்ற இறக்கங்களுடன் படிப்படியாக மங்கிவந்த அது, 1935ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் திடீரென மங்கி, வெறுங்கண்ணுக்கு எட்டாது மறைந்தது. அணைந்துவிட்டது என்று பலர் எண்ணியிருக்க, சில வாரங்களில் மீண்டும் ஒளி கூடி, பின்னரே மெல்ல மெல்லத் தளர்ந்தது. இதற்குரிய விளக்கத்தை அமெரிக்க வானியலாளர் டீன் மக்லாக்லின் கூறினார். விண்மீனிலிருந்து வீசப்பட்ட வாயு விரிந்து குளிர்ந்தபோது, அடுப்புப் புகை கரியாகப் படிவது போல, அதிலே நுண்துகள்கள் உண்டாயின. அத்துகள்களின் படலமே விண்மீனைத் திரைபோல் மறைத்தது. படலம் விரிந்து மெலிந்ததும் ஒளி மீண்டது. 1970ஆம் ஆண்டிற் தோன்றிய மற்றொரு நோவாவைச் செந்நிறக் கீழ்க்கதிர்களால் ஆராய்ந்தபோது, கண்ணுக்குப் புலனாகும் ஒளி குறைந்த அதே வேளையில் வெப்பக் கதிர்வீச்சு மிகுந்தது. இதனால் அவ்விளக்கம் உறுதியாயிற்று.

எனினும், மூல வினா எஞ்சியே நின்றது. அமைதியாக இருந்த ஒரு விண்மீன் ஏன் திடீரென வெடித்தது? இது அறிஞரின் பொழுதுபோக்கு வினா அன்று. சூரியனும் ஒரு விண்மீனே. எல்லா விண்மீன்களும் தம் வாழ்நாளில் என்றாவது ஒருநாள் இவ்வாறு வெடிக்கக்கூடுமோ என்ற ஐயம் அக்காலத்து வானியலாரிடையே இருந்தது. சூரியனின் ஒளி ஓராயிரம் மடங்கு பெருகினாலே பூமியில் கடலும் எஞ்சாது, காடும் எஞ்சாது, மனிதரும் எஞ்சார். எச்சரிக்கையேதுமின்றி அத்தகைய நாள் வருமோ என்பதை அறிவதற்கு, நோவாவின் காரணத்தை அறிந்தாக வேண்டியிருந்தது.

ஒளி மிகுந்து நின்றபோது அந்நோவாவைப் பார்க்க உலகமே அண்ணாந்தது. அது பழையபடி மங்கி ஒடுங்கிய பின்னர் அதனை நாடியோர் மிகச் சிலரே. ஆயினும் விடை கிடைத்தது அம்மங்கிய காலத்திலேதான். 1954ஆம் ஆண்டில் மேர்ள் வாக்கர் என்னும் அமெரிக்க வானியலாளர், ஒளியை மின்னாக மாற்றி நுட்பமாக அளக்கும் கருவியைப் பெரிய தொலைகாட்டியிற் பொருத்தி, இந்தப் பழைய நோவாவை இடைவிடாது அளந்தார். குறித்த ஒரு நேரத்தில் அதன் ஒளி சட்டெனக் குறைந்து மீண்டும் உயர்ந்தது. 4 மணி 39 நிமிடம் கழிந்ததும் அதே குறைவு மறுபடியும் நேர்ந்தது. கடிகாரம் தவறினும் அது தவறவில்லை.

இதன் பொருள் யாது? சந்திரன் சூரியனை மறைத்துக் கிரகணம் உண்டாக்குவது போல, அங்கே ஒரு விண்மீனை மற்றொன்று மறைத்துக்கொண்டிருந்தது. ஒன்றெனக் கருதப்பட்டது உண்மையில் இரண்டு. அவை ஒன்றையொன்று ஐந்து மணி நேரத்துக்குட் சுற்றிவருமளவுக்கு நெருங்கியவை. அவற்றின் மையங்களுக்கு இடையிலுள்ள தூரம் சூரியனின் விட்டத்தினும் குறைவானது. சூரியனின் வயிற்றுக்குள்ளேயே அந்த இரட்டையரின் சுற்றுப்பாதையை அடக்கிவிடலாம்.

இரட்டையருள் ஒன்று சிவந்த சிறிய விண்மீன். மற்றையது வெண்குறுமீன் எனப்படுவது. எரிபொருள் தீர்ந்து சுருங்கிய ஒரு விண்மீனின் எச்சம். சூரியனின் திணிவில் பாதிக்கு மேற்பட்ட பொருள், ஏறத்தாழப் பூமியை ஒத்த ஒரு சிறு கோளத்தினுள் அமுங்கியிருக்கின்றது. அதிலே ஒரு தேக்கரண்டி அளவு எடுக்க முடியுமாயின் அதன் நிறை தொன் கணக்கில் இருக்கும். இந்த வெண்குறுமீன் தன் ஈர்ப்பு வலிமையால் சிவந்த துணையின் மேற்பரப்பிலுள்ள ஐதரசன் வாயுவை ஓயாது உறிஞ்சுகின்றது. அவ்வாயு சுழன்று சுழன்று தட்டுப்போலப் பரந்து, பின்னர் வெண்குறுமீனின் மீது வீழ்ந்து படிகின்றது.

படலம் தடிக்கத் தடிக்க அதன் அடியில் அழுத்தமும் வெப்பமும் ஏறுகின்றன. ஈற்றில் ஐதரசன் அணுக்கருக்கள் ஒன்றோடொன்று இணையத் தொடங்குகின்றன. சூரியனின் நடுவிலும் நிகழ்வது அணுக்கருச் சேர்க்கையே. ஆனால் அங்கே வெப்பம் கூடினால் வாயு விரியும். விரிந்தால் வெப்பம் தணியும். சோறு கொதிக்கும் பானையின் மூடியை நீராவி தானே தூக்கி வெளியேறுவது போன்ற பாதுகாப்பு அது. வெண்குறுமீனின் மேற்படலமோ மிகக் கடுமையாக அமுக்கப்பட்டிருப்பதால் சூடேறியும் உடனே விரிவதில்லை. மூடியைக் கல்லேற்றி அழுத்திய பானையை அது ஒக்கும். வெப்பம் வெப்பத்தை வளர்க்க, முடிவிற் படலம் முழுவதும் வெடித்து, வினாடிக்குப் பல நூறு கிலோமீற்றர் வேகத்தில் வெளியே வீசப்படுகின்றது. வீசப்படுவது சூரியத் திணிவில் பதினாயிரத்தில் ஒரு பங்கோ அதனினும் குறைவோதான். அடியிலுள்ள வெண்குறுமீனுக்கு அழிவில்லை. துணையும் தப்பிவிடுகின்றது. மீண்டும் உறிஞ்சுதல் தொடங்குகின்றது. பல்லாயிரம் ஆண்டுகள் கழிந்த பின் அதே விண்மீன் மற்றுமொருமுறை 'புதிதாக'த் தோன்றக்கூடும்.

வாக்கர் வேறொன்றையும் கண்டார். கிரகணத்தோடு, 71 வினாடிக்கு ஒருமுறை அவ்விண்மீனின் ஒளியில் ஒரு சிறு துடிப்பும் இருந்தது. காந்த வலிமை மிக்க அவ்வெண்குறுமீன், துறைமுகத்து வெளிச்சவீடு போலச் சுழல்வதே அத்துடிப்பின் காரணம் எனப் பின்னர் அறியப்பட்டது.

ஒரு நோவா இரட்டையாயிருந்தது தற்செயலாகலாம் அல்லவா? இந்த ஐயத்தைத் தீர்க்க முற்பட்டவர் றொபேட் கிறாவ்ற் என்னும் மற்றோர் அமெரிக்கர். அவர் பழைய நோவாக்கள் பலவற்றின் நிறமாலையை ஆராய்ந்து, அவற்றுட் பெரும்பாலானவை நெருங்கிய இரட்டைகளே என்று 1964ஆம் ஆண்டிற் காட்டினார். ஆகவே நோவாவுக்குத் துணை இன்றியமையாதது. சூரியனுக்கோ அத்தகைய துணை இல்லை. இன்னும் ஏறக்குறைய 500 கோடி ஆண்டுகளில் அதுவும் முதுமை எய்தி, பின்னர் வெண்குறுமீனாக ஒடுங்கும். ஆனால் அதன்மீது பொருளைச் சொரிய அருகே எவரும் இரார். திடீரெனச் சூரியன் நோவாவாகும் என்ற அச்சம் இவ்வாறு நீங்கியது.

1934ஆம் ஆண்டின் நோவா பூமியிலிருந்து ஏறத்தாழ 1,600 ஒளியாண்டுத் தொலைவில் உளது. பிரென்ரிஸ் கண்ட ஒளி, கி.பி. நான்காம் நூற்றாண்டளவில் அங்கிருந்து புறப்பட்ட ஒளியாகும். யூலை மாத இரவுகளில், பத்து மணியளவில், வட வானிலே அபிசித்து என்னும் வெண்ணிற விண்மீனை இலங்கை நேயர்களும் காணலாம். அதற்குச் சற்று வடமேற்கே அந்நோவா நிற்கின்றது. வெறுங்கண்ணுக்கு அங்கே ஒன்றும் தெரியாது. பெரிய தொலைகாட்டியிலோ, வெடிப்பில் வீசப்பட்ட வாயு நீள்வட்டக் கூடாக இன்னும் விரிந்துகொண்டிருப்பது புலனாகும்.

பழைய வானத்தை முற்றும் அறிந்திருந்தமையாலேயே ஒருவர் புதியதைக் கண்டார். உலகம் மறந்துவிட்ட பின்னரும் பார்வையை எடுக்காதிருந்தமையாலேயே மற்றொருவர் அதன் காரணத்தைக் கண்டார். முன்னவரிடம் கருவி எதுவும் இருக்கவில்லை. பின்னவரிடம் நுட்பமான கருவி இருந்தது. இருவரிடமும் பொதுவாக இருந்தது பொறுமை ஒன்றே. இன்றும் ஆண்டுதோறும் சில நோவாக்கள் கண்டுபிடிக்கப்படுகின்றன. அவற்றுட் பலவற்றை முதலிற் காண்போர் பிரென்ரிஸைப் போல விருப்பத்தால் வானத்தை நோக்குவோரேயாவர்.