வீதிக்கு வந்த கோபம்



"தூள் விற்பவன் யாரென்று சிறு பிள்ளைக்கும் தெரியும், பொலிஸாருக்கு மட்டும் தெரியாது" என்று மனம் வெதும்பாத தந்தை இன்று அரிது. "நாமே அவனைப் பார்த்துக்கொள்வோம்" என்று அடுத்து எழும் இளைஞர்கள், தென்னாபிரிக்காவின் கேப்டவுனில் நடந்ததை அறிய வேண்டும்.

அந்நகரின் புறத்தே கேப் ஃபிளாட்ஸ் என்னும் மணற்பாங்கான சமவெளி உண்டு. நிறவெறி அரசு, முஸ்லிம்கள் உட்பட வெள்ளையரல்லாதோரை நகரிலிருந்து வெளியேற்றி அங்கே குடியேற்றியது. அயலுறவு அறுந்த இடத்தில் குண்டர் குழுக்கள் வேரூன்றின. பிள்ளைகள் போதைக்கு அடிமையாயினர். பெரும்பாலும் முஸ்லிம்களைக் கொண்ட 'பகாட்' என்னும் மக்கள் இயக்கம் இதனை எதிர்த்தே எழுந்தது. வியாபாரிகளின் வீட்டு வாசலுக்கு ஊர்வலமாகச் சென்று, நிறுத்துமாறு எச்சரித்தார்கள். அந்தப் பெற்றோரைக் குறைகூற எனக்கு நா எழவில்லை.

1996 ஆகஸ்ட் 4ஆம் திகதி இரவு, ரஷாத் ஸ்டேகி என்னும் குண்டர் தலைவனின் வீட்டை ஊர்வலம் சூழ்ந்தது. பொலிஸாரும் தொலைக்காட்சிக் கமராக்களும் பார்த்திருக்க, அவன் சுடப்பட்டுத் தீயிடப்பட்டான். போதை ஒழிந்ததா? அவனுடைய இரட்டைச் சகோதரன் எஞ்சியிருந்தான், குழுவும் எஞ்சியது. 1998 முதல் 2000 வரை கேப்டவுனில் குண்டுகள் வெடித்தன. அரசு பகாட்டைக் குற்றஞ்சாட்டியது, இயக்கம் மறுத்தது. ஆயினும், பொதுமக்களின் ஆதரவு கரைந்துபோயிற்று. 2019 ஜூலையில், அதே கேப் ஃபிளாட்ஸுக்கு குண்டர்களை அடக்க இராணுவமே அனுப்பப்பட்டது.

தீமையைக் கையால் தடுக்கச் சொல்லும் ஹதீஸை நம் இளைஞர்கள் ஆதாரம் காட்டுவர். தடுப்பது வேறு, தண்டிப்பது வேறு. ஹத்துத் தண்டனையை நிறைவேற்றுவது ஆட்சியாளரின் பொறுப்பு என்றே இமாம்கள் விளக்கினர். தடுப்பதால் அதனிலும் பெரிய தீமை விளையுமாயின் கையை அடக்க வேண்டும் என்பதும் அவர்கள் கூறியதே. (இந்தப் பாடத்தை மாணவப் பருவத்தில் நாமும் அவசரமாகவே கடந்தோம்.)

எமது நாட்டின் 1979ஆம் ஆண்டு 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 35ஆம் பிரிவு, பிடியாணையின்றிக் கைதுசெய்யத்தக்க குற்றத்தைத் தன் கண்முன் புரிபவனைச் சாதாரண குடிமகனும் பிடிக்க இடமளிக்கிறது. ஆனால், வீண் தாமதமின்றிப் பொலிஸாரிடம் ஒப்படைத்தல் வேண்டும். கட்டிவைத்து அடிக்கவோ, வீடு புகுந்து தேடவோ அதில் அனுமதியில்லை.

கண்டவற்றை இடம், நேரம், வாகன இலக்கத்துடன் எழுதி, மஸ்ஜித் நிர்வாகத்தினரோடு சென்று முறைப்பாடு செய்யுங்கள். முறைப்பாட்டு இலக்கத்தைக் கேட்டுப் பெறுங்கள். பொலிஸ் நிலையம் அசையாவிடின், தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கு எழுதுகையில் அந்த இலக்கமே உங்கள் கையிலிருக்கும் சான்று.