பழைய ஸ்விஃப்ட்டுக்கு அலாய் வீல்: காசு கட்டும் முன் 4 செக்

போனஸ் வந்ததும், செகண்ட் ஹேண்ட்ல வாங்கின முதல் தலைமுறை ஸ்விஃப்ட்டுக்கு அலாய் வீல் போடலாம்னு தோணுதா? தாராளமா போடுங்க. ஆனா டிசைனுக்கு முன்னாடி இந்த 4 விஷயத்தைப் பாருங்க.

1. பிசிடி: 4 நட்டு, 100 மி.மீ. 114.3 ரிம்மை "அட்ஜஸ்ட் பண்ணித் தர்றேன்"னு சொன்னா, வேண்டாம்.

2. நடுத்துளை: 54.1 மி.மீ. ரிம்ல பெருசா இருந்தா ஹப் ரிங் கேளுங்க. இல்லேன்னா வேகத்துல ஸ்டீயரிங் உதறலாம்.

3. ஆஃப்செட்: ஒரிஜினலைவிட ரொம்பக் குறைஞ்சா சக்கரம் வெளியே தள்ளி நிக்கும், பேரிங் சீக்கிரம் தேயும்.

4. டயர் விட்டம்: 165/80 ஆர்14 சுமார் 620 மி.மீ. 185/65 ஆர்15-ம் கிட்டத்தட்ட அதேதான்.

இப்போ கணக்கு. 15 இஞ்சுக்குப் போனா 4 புது டயர் செலவும் சேரும். 14-லயே, அகலமும் பொருந்தினா, இருக்குற டயரையே மாட்டலாம். இன்ஷூரன்ஸ்லயும் சொல்லிச் சேர்த்துடுங்க. பொருந்தாத ரிம்ல மிச்சம் பிடிச்ச காசு, கடைசியில மெக்கானிக்கிட்டதான் போகும்.