ஓட்டை விழுந்த காலணி

1916-இல் அமெரிக்காவில் வெளியான ஊமைப்படம் ‘ஷூஸ்’. இயக்கியவர் லோயிஸ் வெபர் என்ற பெண்மணி. மலிவுவிலைக் கடையில் விற்பனைப் பெண்ணாக நிற்கும் ஈவா, வாரச் சம்பளத்தை அப்படியே அம்மா கையில் கொடுத்துவிடுவாள். அப்பாவோ கட்டிலில் படுத்துக் கதைப்புத்தகம் படிப்பார். நின்று நின்றே தேய்ந்துபோன காலணியின் அடியில் ஓட்டை. அட்டையைக் கத்தரித்து உள்ளே வைக்கிறாள். மழையில் அதுவும் ஊறிக் கூழாகிறது. புதுக் காலணிக்காகக் கடைசியில் அவள் தன்னையே விலையாகக் கொடுக்கும் இடம் நெஞ்சைப் பதறவைக்கும். அதன் பிறகுதான் அப்பாவுக்கு வேலை கிடைக்கிறது! சிதைந்திருந்த இந்தப் படத்தை நெதர்லாந்துத் திரைப்பட அருங்காட்சியகம் சீரமைத்துத் தந்திருக்கிறது. வாய்ப்புக் கிடைத்தால் அவசியம் பாருங்கள்.