துலாவும் பட்டையும்

யாழ்ப்பாணக் குடாநாடு, இலங்கை. 1950-களில் நீரிறைக்கும் இயந்திரங்கள் பரவத் தொடங்கும்வரை தோட்டந்தோறும் பயன்பட்டவை.

இலங்கையின் பெரிய ஆறுகள் மத்திய மலைநாட்டில் பிறக்கின்றன. அவற்றில் ஒன்றும் குடாநாட்டை எட்டுவதில்லை. இங்கே ஐப்பசி முதல் மார்கழி வரை பெய்யும் மழை சுண்ணாம்புக்கல்லின் வெடிப்புகளில் இறங்கி, அடியிலுள்ள உப்புநீரின் மேல் நன்னீராகத் தங்குகிறது. அளவுக்கு மீறி இறைத்தால் கிணறு உவராகிவிடும்.

ஆடுகால் என்னும் தாங்குமரத்தில் ஏற்றிய நீண்ட மரமான துலாவின் மேல் ஒருவரோ இருவரோ முன்னும் பின்னும் நடந்து மிதிப்பார்கள். கிணற்றடியில் நிற்பவர், பனையோலைப் பட்டையில் ஏறிவரும் நீரை வாய்க்காலில் ஊற்றுவார். கால் தவறினால் உயிருக்கே ஆபத்தான வேலை இது. குடாநாட்டின் பேர்பெற்ற புகையிலையும் வெங்காயமும் மிளகாயும் இப்படி இறைத்த நீரில் விளைந்தவை.