தன்னையே ஓட்டை போட்டுக்கொள்ளும் இலை, தெரியுமா?

இலை என்றால் நரம்பும் அதைச் சுற்றிப் பச்சைச் சதையும் இருக்கும். அந்தச் சதையில் பெரும்பகுதியைக் கழித்துவிட்டு, நரம்பு வலையோடு மட்டும் தண்ணீருக்குள் வாழ்கிற செடி ஒன்று இருக்கிறது, தெரியுமா? மடகாஸ்கர் தீவின் ஆறுகளிலும் ஓடைகளிலும் வளரும் லேஸ் செடிதான் அது! தாவரவியல் பெயர் அப்போனோஜிட்டான் மடகாஸ்காரியன்சிஸ். அரை மீட்டர் வரைகூட நீளும் இலையில், நெடுக்கும் குறுக்குமாக நரம்புகள். நடுவே கட்டம் கட்டமாக ஓட்டைகள். சல்லாத்துணியை ஆற்றில் அலசுவது போலவே இருக்கும்.

பூச்சி அரித்ததா? மீன் கடித்ததா? இரண்டும் இல்லை. அந்த இடத்து உயிரணுக்கள் தாமாகவே சாகின்றன!

செடி முளைத்ததும் விடும் முதல் சில இலைகளில் ஓட்டையே இருக்காது. அதற்குப் பிறகு வருகிறவைதான் அதிசயம். சுருண்டு, செம்மை படர்ந்து வெளிவரும் இளம் இலை, அந்தோசயனின் என்ற நிறமியால் சிவந்திருக்கும். விரிய விரிய, ஒவ்வொரு கட்டத்தின் நடுவிலும் முதலில் சிவப்பு மறையும், அடுத்து பச்சை மறையும், பிறகு அந்த இடம் கண்ணாடி போலத் தெளியும். உள்ளே பசுங்கணிகங்கள் உட்கருவைச் சூழ்ந்துகொள்ள, வாக்குவோல் என்ற நீர்ப்பை உடைய, உயிரணு சுருங்கி மடிகிறது. சாவு நடுவிலிருந்து விளிம்பை நோக்கிப் பரவுகிறது. நரம்பை எட்ட இன்னும் நாலைந்து உயிரணுக்களே பாக்கி என்னும்போது சட்டென்று நின்றுவிடுகிறது! எந்த உயிரணு சாக வேண்டும், எது பிழைக்க வேண்டும் என்று அத்தனை கறாரான கணக்கு. ஓட்டையின் ஓரத்தில் எஞ்சியவை சுபெரின் என்ற மெழுகு போன்ற பொருளைப் பூசிக் காயத்தை அடைத்தும்விடுகின்றன.

கருவில் நம் விரல்கள் பிரிவதும் இப்படித்தான், தெரியுமா? இடையிலிருந்த சவ்வின் உயிரணுக்கள் செத்து வழிவிட்டதால்தான் நம் விரல்கள் தனித்தனியாக நிற்கின்றன!

இலை மிக மெல்லியது, ஒளி ஊடுருவக்கூடியது. அதனால் உயிரோடு இருக்கும்போதே நுண்ணோக்கியில் வைத்து இந்தச் சாவை நேரில் பார்க்கலாம். கனடாவின் டல்ஹவுசி பல்கலைக்கழகத்தில் அருணிகா குணவர்தனவின் ஆய்வுக்குழு பல ஆண்டுகளாகச் செய்துவருவது இதைத்தான். வாழைக்காயைப் பழுக்கவைக்கும் எத்திலீன் வாயு இருக்கிறதே, அதற்கும் இதில் பங்குண்டு என்று அவர்கள் கண்டார்கள். எத்திலீன் உருவாவதைத் தடுக்கும் மருந்தைக் கொடுத்தால், புதிய இலைகளில் ஓட்டைகள் வெகுவாகக் குறைகின்றன!

இலை நீருக்குள்ளேயே கிடந்தாலும் பூ மட்டும் மேலே எழுந்து காற்று வாங்கும். மீன்தொட்டி வளர்ப்பவர்களுக்கு இந்தச் செடி மேல் தீராத ஆசை. ஆனால் இதைக் காப்பாற்றுவது லேசில்லை. சுத்தமான, அதிகம் சூடேறாத, ஓடுகிற தண்ணீர் வேண்டும்.

இன்னொன்று! நம் ஊர்க் குளங்களில் இலை மிதக்கக் கிடக்குமே கொட்டி, கொட்டிக்கிழங்கு என்று கிழங்கை எடுத்துச் சாப்பிடுவார்களே, அது இதற்கு நெருங்கிய சொந்தம். ஒரே பேரினம்! மடகாஸ்கரிலும் லேஸ் செடியின் கிழங்கை உண்பதுண்டு. ஐம்பதுக்கும் மேற்பட்ட இனங்கள் கொண்ட அந்தப் பேரினத்தில் இலையெங்கும் இப்படி ஜன்னல் திறந்து வைப்பது இந்த ஒன்று மட்டுமே!